தஹ்ரீரில் அந்தப் பெயர்கள் வேண்டும்

கெய்ரோவின் தஹ்ரீர் சதுக்கம் பாரிஸைப் பார்த்து உருவானது. 1867-இல் பாரிஸ் கண்காட்சிக்குப் போய்த் திரும்பிய எகிப்தின் ஆட்சியாளர் கெதிவ் இஸ்மாயில், நைல் நதியின் கிழக்குக் கரையில் அகன்ற சாலைகள் கொண்ட புதுநகரை எழுப்பினார். அதன் ஓரத்தில் அமைந்த சதுக்கத்துக்கு அவர் பெயரே வழங்கியது. 1882-இல் எகிப்தைக் கைப்பற்றிய பிரிட்டிஷ் படை அருகிலிருந்த கஸ்ர் அல் நைல் பாசறையில் இறங்கியது; 1947-இல்தான் அங்கிருந்து கிளம்பியது. அதற்கு முந்தைய ஆண்டு பிப்ரவரி 21 அன்று, வெளியேறு என்று முழங்கி வந்த ஊர்வலத்துக்குள் பிரிட்டிஷ் ராணுவ வண்டிகள் புகுந்து பலரைக் கொன்றன. மன்னராட்சியை வீழ்த்திய 1952 புரட்சிக்குப் பிறகு விடுதலையைக் குறிக்கும் தஹ்ரீர் என்ற பெயர் நிலைத்தது.

பாசறை இடிக்கப்பட்ட நிலத்தில் நைல் ஹில்டன் ஹோட்டலும் அரபு லீக் தலைமையகமும் வந்தன. தெற்கே 14 மாடி முகம்மா. பாஸ்போர்ட் முதல் பல சான்றிதழ்கள் வரை மக்கள் கால்கடுக்கக் காத்துநின்ற அரசு அலுவலகம் அது. நடுவில் வெறும் கல்பீடம் ஒன்று பல ஆண்டுகள் நின்றது. தன் தாத்தா இஸ்மாயிலின் சிலைக்காக மன்னர் ஃபாரூக் கட்டச் சொன்னது. புரட்சி முந்திக்கொண்டதால் சிலை ஏறவேயில்லை. 1972 ஜனவரியில் மாணவர்கள் அந்தப் பீடத்தைச் சுற்றி அமர்ந்துதான் இரவெல்லாம் போராடினார்கள். கவிஞர் அமல் துன்குல் அதைக் கவிதையாக்கினார். 1977-இல் ரொட்டி மானியத்தைக் குறைத்த அதிபர் சதாத்தின் அரசு, தெருவில் திரண்ட கோபத்தைக் கண்டு இரண்டே நாளில் பின்வாங்கியது. ஆக, 2011 போராட்டம் திடீரென்று முளைத்ததல்ல.

அந்த ஆண்டு ஜனவரி 25 அன்று தொடங்கிய போராட்டம் 18 நாளில் அதிபர் முபாரக்கின் முப்பது ஆண்டு ஆட்சியை முடித்தது. நாடு முழுவதும் குறைந்தது 846 பேர் உயிரிழந்ததாக அரசு அமைத்த விசாரணைக் குழுவே சொன்னது. நவம்பரில், சதுக்கத்திலிருந்து பிரியும் முகமது மஹ்மூத் தெருவில் போலீஸ் சுட்டதில் பலர் கண்ணிழந்தார்கள். கஸ்ர் அல் நைல் பாலத்து வெண்கலச் சிங்கத்துக்கும் இளைஞர்கள் ஒற்றைக் கண்ணில் கட்டுப் போட்டார்கள். அந்தத் தெருச் சுவர்கள் இறந்தவர்களின் முகங்களால் நிறைந்தன.

இன்று அந்தச் சுவடுகள் அநேகமாக இல்லை. ஓவியங்கள் பூசி மறைக்கப்பட்டன. சுவரின் ஒரு பகுதி 2015-இல் இடிக்கப்பட்டது. போராட்டத்தில் எரிந்த அன்றைய ஆளுங்கட்சி அலுவலகமும் அதே ஆண்டு தரைமட்டமானது. 2020-இல் சதுக்கத்தின் நடுவில் தானிஸிலிருந்து வந்த இரண்டாம் ராம்சேஸின் கல்தூண் எழுந்தது. அதன் காவலுக்குக் கர்னாக் கோவிலிலிருந்து ஆட்டுத்தலை ஸ்பிங்க்ஸ்கள் நான்கு கொண்டுவரப்பட்டன. வாகனப் புகை அந்த மணற்கல்லை அரிக்கும் என்று தொல்லியல் அறிஞர்கள் எச்சரித்தும் அரசு கேட்கவில்லை. முகம்மாவும் ஹோட்டலாகிறது.

சதுக்கத்தை அழகுபடுத்துவதில் தவறில்லை. மூவாயிரம் ஆண்டுக்கு முந்தைய மன்னனுக்கு இடம் தருபவர்கள், பத்துப் பதினைந்து ஆண்டுக்கு முன் அங்கே செத்தவர்களுக்கு ஒரு கல்கூடத் தர மறுப்பதுதான் அநீதி. 2013 நவம்பரில் அரசு ஒரு நினைவுச்சின்னம் வைத்ததும், மக்களே அதைச் சிதைத்ததும் உண்மை. ஆனால் அதற்குச் சில மாதங்களுக்கு முன்புதான் கெய்ரோவின் ராபியா சதுக்கத்தில் நூற்றுக்கணக்கான போராட்டக்காரர்களைக் கொன்றிருந்த அரசு அது. அதன் கையால் வரும் அஞ்சலியை இளைஞர்கள் ஏற்காததில் வியப்பென்ன? நினைவுச்சின்னம் வைத்த அதே மாதம் வந்த சட்டம், முன்னறிவிப்பில்லாத கூட்டங்களைக் கலைக்கப் போலீசுக்கு அதிகாரம் தந்தது.

நினைவிடம் எழுந்தால் கலவரம் வரும், சுற்றுலா கெடும் என்று அரசுத் தரப்பு சொல்லக்கூடும். உலகின் பல தலைநகரங்களில் பயணிகள் தேடிப்போய் நிற்பதே இத்தகைய நினைவிடங்களில்தான். கலவர அச்சத்துக்கும் மருந்து உண்டு: வடிவத்தையும் வாசகத்தையும் உயிரிழந்தோரின் குடும்பங்களிடமே விட்டுவிடுவது. அரசு நிலத்தைக் கொடுத்து ஒதுங்கி நிற்கட்டும். சதுக்கத்தை ஒட்டிய எகிப்திய அருங்காட்சியகத்துக்குப் பக்கத்தில், அந்த ஆளுங்கட்சி அலுவலகம் நின்ற மனை இருக்கிறது. அதில் ஒரு பகுதியை எந்த முதலீட்டாளருக்கும் விற்காமல் ஒதுக்கி, 846 பேரின் பெயர்களையும் அங்கே பொறிக்க வேண்டும். முகம்மா ஹோட்டல் திறக்கும் முன்பே அதைச் செய்ய வேண்டும்.