ஒலிக்கலவையும் படைப்பே

இசையை ஆக்குபவன் கலைஞன். அதனைப் பதிவுசெய்து கலப்பவன் வெறும் தொழில்நுட்பவியலாளன் என்னும் கருத்து இசை விமர்சனத்தில் நெடுங்காலமாக வேரூன்றியுள்ளது. மேதையைக் கண்டு, அவனோடு உழைத்தோரைக் காண மறுக்கும் இக்கருத்துநிலை எத்துணைப் பிழையானது என்பதைப் பீற்றில்ஸ் குழுவினரின் வெளிவராத இசைத்தட்டொன்றின் வரலாறு துலக்கிக் காட்டுகின்றது.

1969 ஜனவரியில் அக்குழுவினர் லண்டனிற் பாடிய பாடல்களைக்கொண்டு 'கெற் பாக்' என்னும் இசைத்தட்டைத் தொகுத்தவர் ஒலிப்பொறியியலாளர் கிளின் ஜோன்ஸ். ஒப்பனையின்றி, ஒருங்கிருந்து இசைப்பதை உள்ளவாறே தருவதே அம்முயற்சியின் நோக்கம். எனவே பேச்சையும் சிரிப்பையும் இடையில் முறிந்த தொடக்கங்களையும் அவர் விட்டுவைத்தார். 1969 மே மாதத்திலும் 1970 ஜனவரியிலும் அவர் அளித்த இரு வடிவங்களும் நிராகரிக்கப்பட்டன. பின்னர் ஒலிநாடாக்கள் பில் ஸ்பெக்ரரிடம் ஒப்படைக்கப்பட்டு, 1970 மே 8 ஆம் திகதி 'லெற் இற் பீ' வெளிவந்தது.

'த லோங் அன்ட் வைன்டிங் றோட்' என்னும் பாடலின் 1969 ஜனவரி 26 ஆம் திகதிப் பதிவே இருவர் தொகுப்பிலும் இடம்பெற்றது. ஜோன்ஸ் அதனை எளிமையாகவே விட்டார். ஸ்பெக்ரரோ வாத்தியக் குழுவையும் பெண்குரல்களையும் அதன்மேல் ஏற்றினார். பாடலை இயற்றிய போல் மக்காட்னி இதனைக் கடுமையாக எதிர்த்தமை யாவரும் அறிந்ததே. பாடியவர் ஒருவர், பதிவும் ஒன்று. எனினும் படைப்புகள் இரண்டு. வேறுபட்டது ஒலிமேசையில் இருந்தவரின் தீர்ப்பேயாகும். சேர்ப்பது மட்டுமன்று, சேர்க்காது விடுவதும் கலைத் தீர்ப்பே.

"நிராகரிக்கப்பட்டவன் எங்ஙனம் படைப்பாளியாவான்?" என வினவுவர் சிலர். வெறும் தொழில்நுட்பப் பணியாயின் அதிலுள்ள பிழையைத் திருத்தியிருக்கலாம். ஜோன்ஸின் தொகுப்பிற் குழுவினர் மறுத்தது பிழையையன்று. தம்மைப் பற்றிய ஒரு பார்வையையே. பார்வையுள்ளவன் கருவியாகான்.

தாம் பணம் கேட்கவில்லை, தயாரிப்பாளர் என்ற பெயரை மட்டுமே கேட்டதாகவும், அதனை ஜோன் லெனன் ஐயத்துடன் நோக்கியதாகவும் ஜோன்ஸ் பின்னாளிற் கூறியுள்ளார். 1970 ஆம் ஆண்டு உறையில் ஸ்பெக்ரரின் பெயர் ஆக்கியோனுக்குரிய இடத்திலும், ஜோன்ஸின் பெயர் நன்றிக்குரியோர் வரிசையிலும் அமைந்தன. உழைப்பை ஏற்று உழைத்தவனின் பெயரை மறுக்கும் வழக்கம் ஆலைகளுக்கு மட்டும் உரியதன்று. கலைக்கூடங்களிலும் அது நிலவுகின்றது.

1969 ஆம் ஆண்டுத் தொகுப்பு 2021 இலேயே முறைப்படி வெளிவந்தது. அதனைக் கேட்டபின்னரும் ஒலிக்கலவையாளரைக் கருவியாகவே கருதுவோர் இசையைக் கேட்பவரல்லர்; பெயர்களைத் தொழுபவரேயாவர். ஓர் இசைத்தட்டைப் பாடியவர் யார் என்பதோடு, அதன் இறுதி வடிவத்தைத் தீர்மானித்தவர் யார் எனவும் வினவுவதே விமர்சனத்தின் கடமையாகும்.