ஒற்று ஒப்பனையன்று

“ஒற்றுப் போட்டால் என்ன, போடாவிட்டால் என்ன? வாசிப்பவனுக்கு விளங்குகிறதுதானே!” முப்பது ஆண்டுகளாகச் செய்தி மேசைகளில் இந்தக் கேள்வியைக் கேட்டு வருகிறேன். கேட்பவர்கள் மாறினார்கள், கேள்வி மாறவில்லை. அண்மைக் காலத்தில் அது கேள்வி என்ற நிலையையும் கடந்து தீர்ப்பாகிவிட்டது. வல்லெழுத்து மிகுதல் பண்டிதர்களின் பழைய பிடிவாதமாம். கணினியில் எழுதும் தலைமுறைக்கு அது வீண் சுமையாம். எடுத்தெறிந்தால் தமிழ் இலகுவாகிவிடுமாம்.

நான் பண்டிதனல்லன். கலைப் பட்டம் பெற்று, அதன் பின்னர் பிறர் எழுதியதைத் திருத்தியும் நானே எழுதியும் காலங்கழித்த பத்திரிகைக்காரன். எனக்குத் தெரிந்த அளவுகோல் ஒன்றுதான்: வாக்கியம் தான் சொல்ல வந்ததைச் சொல்கிறதா, இல்லையா? அந்த அளவுகோலைக் கொண்டே இந்த எளிமைவாதிகளுடன் வாதிட விரும்புகிறேன்.

வேலணைத் தீவிலுள்ள என் ஊரின் பெயரையே எடுத்துக்கொள்வோம். இரண்டு தொடர்களை எழுதுகிறேன்.

சரவணை புகையிலை விளையும் ஊர்.

சரவணைப் புகையிலை விளையும் ஊர்.

முதலாவது முழு வாக்கியம். சரவணை எழுவாய், ஊர் பயனிலை. சரவணை எத்தகைய ஊர் என்ற செய்தி நமக்குக் கிடைத்துவிட்டது. இரண்டாவது வாக்கியமே அன்று. சரவணைக்குரிய புகையிலை ஏதோ ஓர் ஊரில் விளைகிறது; அந்த ஊரைப் பற்றி எழுதியவர் இனிமேல்தான் எதையோ சொல்லப்போகிறார்; வாசகர் பயனிலைக்காகக் காத்து நிற்கிறார். சொற்கள் அவையே, வரிசையும் அதுவே. ஒரேயொரு ‘ப்’ வந்து, சரவணையை எழுவாய் என்ற ஆசனத்திலிருந்து இறக்கிப் புகையிலைக்கு அடையாக்கிவிட்டது. ஒரு வாக்கியத்தை வாக்கியமில்லாமல் ஆக்கும் வல்லமையுள்ள எழுத்தையா நீங்கள் ஒப்பனை என்கிறீர்கள்?

இது ஏட்டில் மட்டும் வாழும் வேறுபாடு என்று சிலர் சொல்வார்கள். பள்ளிக்கூட வாசலை மிதியாத ஆச்சிமாரை எங்கள் ஊரில் எனக்குத் தெரியும். ‘பனை காய்ச்சிட்டுது’ என்று சொல்லும் அதே வாய், அடுத்த மூச்சில் ‘பனங்காய்’ என்று சொல்லும். பனை எழுவாயாக நின்று காய்த்தபோது ஒலி அசையவில்லை. காய் பனையினுடையது ஆனபோது ‘ஐ’ மறைந்தது, ‘அம்’ வந்தது, அதுவும் ககரத்துக்கு இசைந்து ‘அங்’ ஆயிற்று. பனங்கிழங்கும் பனங்கட்டியும் இவ்வாறு பிறந்தவையே. பனங்களியை வெயிலில் உலர்த்திச் செய்யும் பனாட்டுக்குத் தொல்காப்பியர் தனி விதியே வகுத்திருக்கிறார்: பனையின் முன் ‘அட்டு’ வந்தால் ‘ஐ’ நீங்கி ‘ஆ’ தோன்றும். அந்த விதியை ஆச்சி படித்ததில்லை. ஆச்சியைப் போன்றவர்களின் வாயிலிருந்துதான் இலக்கண ஆசிரியர் விதியைப் படித்தார்.

‘பாம்பு கடித்தது’ என்பதில் பாம்பு கடித்தவர். அங்கே ஒற்று இல்லை. ‘பாம்புக்கடி’ என்பது ஒரு பொருளின் பெயர்; அங்கே ஒற்று உண்டு. ‘வெற்றிலை பாக்கு’ என்பது வெற்றிலையும் பாக்கும். இரண்டும் சமமாக அருகருகே நிற்பதால் ஒலி இறுகவில்லை. ‘வெற்றிலைத் தட்டம்’ என்பதில் தட்டம் தலைமை, வெற்றிலை அதற்கு உட்பட்டது, ஒலி இறுகுகிறது. இந்த இறுக்கமும் தளர்வுமே நம் காதுக்கு வாக்கியத்தின் மூட்டுகளைக் காட்டுகின்றன.

நம் முன்னோர் இதை நன்கறிந்திருந்தனர். தொல்காப்பியத்தின் எழுத்ததிகாரம் ஒலியைப் பற்றியது. ஆயினும் அங்கேயே புணர்ச்சி முழுவதும் வேற்றுமைப் புணர்ச்சி, அல்வழிப் புணர்ச்சி என இரண்டாகப் பகுக்கப்படுகிறது. நன்னூலும் அதே வழியிற் செல்கிறது. ஈற்றெழுத்தும் முதலெழுத்தும் எவை என்று பார்த்தால் மட்டும் போதாது. அவ்விரு சொற்களுக்கும் இடையிலுள்ள உறவு எது என்றும் பார்க்க வேண்டும் என்பதே இதன் பொருள். எழுத்தைப் பற்றிப் பேசத் தொடங்கிய உடனேயே தொடரைப் பற்றியும் பேசாதிருக்க அவர்களால் முடியவில்லை.

இது தமிழுக்கு மட்டும் உரிய புதுமையன்று. பாரிசில் வாழும் நம்மவர்களின் பிள்ளைகள் பிரெஞ்சு வகுப்பில் இதைப் படிக்கிறார்கள். ‘சவான்’ என்ற சொல் அங்கே அறிஞர் என்றும் பொருள்படும். கற்றறிந்த என்றும் பொருள்படும். ‘அன் சவான் ஆங்லே’ என்று பிரித்து ஒலித்தால் ஓர் ஆங்கிலேய அறிஞர். இடையில் ஒரு ‘த்’ ஒலித்து ‘அன் சவான் தாங்லே’ என்றால் கற்றறிந்த ஓர் ஆங்கிலேயர். எது பெயர், எது அடை என்பதை அந்த ஓர் ஒலியே தீர்மானிக்கிறது. 1984இல் எலிசபெத் செல்கர்க் என்ற அமெரிக்க மொழியியலாளர் ஒலியமைப்புக்கும் தொடரமைப்புக்கும் உள்ள உறவைப் பற்றித் தனி நூலே வெளியிட்டார். நாமே முதலில் கண்டோம் என்று மார்தட்டுவதற்காக இதைச் சொல்லவில்லை. உலகம் அக்கறையோடு ஆராயும் ஒன்றை, நாம் சோம்பலினால் குப்பையிற் போடுகிறோமே என்ற கவலையினாற் சொல்கிறேன்.

ஒற்றை வெறுப்பவர்களை மட்டும் குற்றஞ்சாட்டினால் அது அநீதியாகும். அதை அளவுக்கு மீறி நேசிப்பவர்களும் இருக்கிறார்கள். ‘வந்தப் பையன்’, ‘பெரியக் கோயில்’, ‘சிறியத் தீவு’ என்று கண்ட இடமெல்லாம் தூவுகிறார்கள். பெயரெச்சத்தின் பின் வலி மிகாது என்பது அவர்களுக்குப் பொருட்டில்லை. ‘தந்த பெட்டி’ ஒருவர் கொடுத்த பெட்டி. ‘தந்தப் பெட்டி’ யானைத் தந்தத்தால் செய்த பெட்டி. ‘இளைஞர்களுக்கு அமைச்சர் வேலைக் கொடுத்தார்’ என்று ஒரு செய்தி ஒருமுறை என் மேசைக்கு வந்தது. அமைச்சர் கொடுத்தது தொழிலை அன்று, முருகனின் ஆயுதத்தை என்று சொல்லித் திருப்பியனுப்பினேன். ஒற்றை விட்டவரும் அதைத் தூவியவரும் ஒரே தவற்றையே செய்கிறார்கள். இருவருமே வாக்கியத்தைப் பார்க்கவில்லை.

மூன்றாவது கூட்டமும் ஒன்றுண்டு. எங்கள் தீவின் துறைமுகத்தின் பெயர் ஊர்காவற்றுறை. அதைப் பத்திரிகைகள் ‘ஊர்காவற்துறை’ என்று எழுதுகின்றன. அமைச்சின் பெயரில் ‘கடற்றொழில்’ என்று சரியாக இருப்பது செய்தியில் ‘கடற்தொழில்’ ஆகிறது. ‘முதற்தடவை’ என்பதைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். சொற்கள் இணைந்தன என்று கருதி லகரத்தை றகரமாக்கியவர், இணையவில்லை என்று கருதித் தகரத்தை அப்படியே விட்டுவிட்டார். ஆற்றிலே ஒரு கால், சேற்றிலே ஒரு கால். தமிழில் ‘ற்’ என்ற எழுத்தின் பின் ‘த’ வருவதில்லை. அதிலும், காற்று, நேற்று என்பவற்றை நுனிநாக்கை மேல்முரசில் ஒற்றி இன்றும் தெளிவாக ஒலிக்கும் யாழ்ப்பாணத்தவர் இதை எழுதலாமா? இணைத்தால் முழுமையாக இணையுங்கள்; பிரித்தால் ‘முதல் தடவை’ என்று நேர்மையாகப் பிரியுங்கள்.

எளிமைவாதிகளின் தரப்பில் ஒரு நியாயம் உண்டு. அதை மறைக்க மாட்டேன். பழைய உரைகளிற் போல எல்லாச் சொற்களையும் ஒன்றோடொன்று பின்னி எழுதினால் இன்றைய வாசகர் திணறுவார். உரைநடையில் மேனாட்டு நிறுத்தக்குறிகளைப் பரப்பியவர் நல்லூர் ஆறுமுக நாவலர் (1822–1879). நன்னூலுக்குக் காண்டிகையுரை எழுதியவரும் அவரே. இவ்விரண்டும் ஒருவரிடமே இருந்தமை தற்செயலன்று. காற்புள்ளி, தொடர் பிரியும் இடத்தைக் காட்டுகிறது. ஒற்று, தொடர் பிணையும் இடத்தைக் காட்டுகிறது. இரண்டும் வாசகருக்குச் செய்யும் உதவி ஒன்றே. காற்புள்ளியை வரவேற்றுக்கொண்டு ஒற்றை விரட்டுவது என்ன நியாயம்?

இந்த வாதத்தில் நான் இவ்வளவு பிடிவாதமாக நிற்பதற்குக் காரணம் இலக்கணப் பற்று மட்டுமன்று. 1990களின் தொடக்கத்தில் போர் எங்கள் தீவுகளை வெறுமையாக்கியது. சரவணைக்காரரின் பேரப்பிள்ளைகள் இன்று ரொறன்ரோவிலும் இலண்டனிலும் பாரிசிலும் வார இறுதி வகுப்புகளில் தமிழ் படிக்கிறார்கள். ஆச்சிக்கு எழுத்தில் ஒற்றுத் தேவையில்லை. அவருடைய காதில் அது இருந்தது. வீட்டில் வேறு மொழி பேசி, தமிழைத் தாளிலிருந்தே கற்கும் பிள்ளைக்கு அந்தக் காது இல்லை. எந்தச் சொல் எதனோடு சேர்கிறது, எங்கே குரலை இறுக்குவது, எங்கே விடுவது என்பதை அந்தப் பிள்ளைக்குச் சொல்ல இருப்பது தாளிலுள்ள ஒற்று ஒன்றுதான். அதையும் அழித்துவிட்டு, உனக்காகத் தமிழை இலகுவாக்கினேன் என்பது கொடுமை. ஏற்கெனவே தமிழ் தெரிந்தவரின் சோம்பலுக்குத் தெரியாதவரின் பெயரால் சலுகை கேட்கிறோம். கணினிகளும் நாம் எழுதி வைப்பவற்றிலிருந்தே தமிழைக் கற்கின்றன. நாம் இன்று விடும் பிழைகளை நாளை அவை நம் பிள்ளைகளுக்குச் சரியென்று கற்பிக்கும்.

பாடசாலைகளும் தம் பங்குக்குத் திருந்த வேண்டும். வலி மிகும் இடங்கள், மிகா இடங்கள் என்று பட்டியல் போட்டு மனனம் செய்விப்பதை நிறுத்துங்கள். பரீட்சை முடிந்த மறுநாள் அந்தப் பட்டியல் மறந்துபோகும். ‘பனை காய்த்தது’ என்பதையும் ‘பனங்காய்’ என்பதையும் கரும்பலகையில் அருகருகே எழுதி, யார் யாரோடு சேர்ந்திருக்கிறார் என்று கேளுங்கள். பிள்ளைகளே விதியைக் கண்டு சொல்வார்கள்.

பத்திரிகை நண்பர்களிடம் நான் கேட்பது அதைவிடவும் சிறியது. ஐயம் வரும்போது எழுதிய வாக்கியத்தை ஒருமுறை வாய்விட்டு வாசியுங்கள். நீங்கள் தமிழ் கேட்டு வளர்ந்தவர்கள். ஒற்று எங்கே வேண்டும் என்று உங்கள் நாக்கு பெரும்பாலும் சரியாகவே சொல்லும். அது சொல்வதை எழுதுங்கள்.