கவாத்தைக் காட்டினார்கள், கஞ்சியைக் காட்டினார்களா?

கோட்டாற்றுத் தறிக்காரனுக்கு மான்செஸ்டர் என்ற பெயரை யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. நம் தறிக்குழியில் மண்ணைப் போட்ட மில் துணி வந்த ஊர் அது. அந்த மில்களில் உழைத்தவன் பிள்ளைக்கும் ஒரு சினிமா காட்டினார்கள்.

ஆண்டு 1900. தென்னாப்பிரிக்காவில் போயர் யுத்தம் நடக்கிறது. தங்கச் சுரங்கம் கிடக்கும் மண் அது. பட்டாளத்துக்கு ஆள் வேண்டும். ராபர்ட் பால் என்பவர், சிப்பாய்கள் உருவாகும் விதத்தைக் காட்டும் படமொன்றை லண்டனில் திரையிட்டார். புதிதாகச் சேரும் வாலிபன், தேகப்பயிற்சி, குதிரைப்படை, பீரங்கிப்படை எல்லாம் அதில் உண்டு. யுத்த இலாகாவே ஒத்தாசை செய்தது.

ஆனால் அந்த நாளில் வெளியான ஒரு கணக்கைக் கேளுங்கள். மான்செஸ்டரில் பட்டாளத்தில் சேர வந்தவர்கள் 11,000 பேர். உடல் தகுதியில்லை என்று விரட்டப்பட்டவர்கள் 8,000 பேர்! பஞ்சுத் தூசியும் அரை வயிற்றுச் சாப்பாடும் செய்த வேலை அது. சிப்பாயை உருவாக்கிய கதையைப் படம் பிடித்தவர்கள், நோஞ்சான்களை உருவாக்கிய மில் முதலாளியின் கதையை ஏன் பிடிக்கவில்லை?

இங்கேயும் அதே பித்தலாட்டம்தான். பிரிட்டிஷ் இந்தியாவில் 1943-ல் சட்டம் போட்டு, ஒவ்வொரு கொட்டகையிலும் சர்க்கார் படத்தைக் கட்டாயமாக்கினார்கள். திரையில் யுத்தப் பிரசாரம். அதே வருஷம் வங்காளத் தெருக்களில் பட்டினிப் பிணங்கள்! 1946 பிப்ரவரியில் பம்பாயில் கப்பற்படை வீரர்கள் வேலைநிறுத்தம் செய்தபோது, முதல் குமுறலே மோசமான சாப்பாட்டைப் பற்றித்தான்.

நாம் சிப்பாயைக் குறை சொல்லவில்லை. அவன் நம் வீட்டுப் பிள்ளை. அவன் எந்தக் குடிசையிலிருந்து வந்தான், ஏன் வந்தான், திரும்பி வந்து என்ன ஆனான் என்பதை மறைக்கும் திரையைத்தான் கிழிக்கிறோம்.

வெள்ளைக்காரன் போய்விட்டான், திரை போகவில்லை. 2022-ல் வந்த அக்னிபத் திட்டம் என்ன சொல்கிறது? நான்கு வருஷச் சேவை. அதன்பின் நூற்றுக்கு 25 பேர் வரைதான் நீடிக்கலாம். மற்றவர்கள் கையில் ஒரு தொகை, பென்ஷன் கிடையாது. மிடுக்கான கவாத்தைப் படம் பிடித்துக் காட்டுகிறவர்கள், வீட்டுக்கு அனுப்பப்படும் அந்த 75 பேரையும் காட்டட்டும்!

தோழர்களே! கொட்டகையில் பாண்டு வாத்தியம் முழங்கும்போது கை தட்டுமுன் ஒரு கேள்வி கேளுங்கள்: நான்கு வருஷம் கழித்து இவனுக்குக் கஞ்சி ஊற்றுவது யார்?