"இந்த வயதிலும்" என்று சொல்லாதீர்கள்

போலந்து நடிகை தனுதா ஷஃப்லார்ஸ்காவைப் பற்றி எதைப் படித்தாலும் முதல் வரியிலேயே 102 வந்துவிடுகிறது. 1915 பிப்ரவரியில் பிறந்தார், 2017 பிப்ரவரியில் மறைந்தார். கணக்கு சரிதான். ஆனால் "இந்த வயதிலும் மேடை ஏறினாரே, அதிசயம்!" என்று எழுதுகிறவர்கள் மேல் எனக்குக் கோபம்தான் வருகிறது. ஏறியவர் அங்கே என்ன செய்தார் என்று அடுத்த வரியில் எழுத வேண்டாமா? ஆலமரத்தின் சுற்றளவை அளந்துவிட்டு நடையைக் கட்டுவது போலப் போய்விடுகிறார்கள்.

வார்சாவில் நாடகக் கல்வியை அவர் முடித்தது 1939-ல். அந்த ஆண்டே போர். 1944 வார்சா எழுச்சியின்போது செய்தி கொண்டு செல்லும் பணியில் இருந்தார். போர் முடிந்தபின் போலந்தில் வெளிவந்த முதல் கதைப்படம் 'தடைசெய்யப்பட்ட பாடல்கள்' (1947). அதில் அவர்தான் நாயகி. இரண்டு வருடம் கழித்து 'புதையல்'. இடிந்த நகரத்தில் குடியிருக்க ஓர் அறை தேடும் இளம் தம்பதியின் கதை, நம் ஒண்டுக்குடித்தனத்தை அறிந்தவர்கள் விழுந்து விழுந்து சிரிக்கலாம். அதற்குப் பிறகு பல பத்தாண்டுகள் நாடக மேடைதான். சினிமாவில் நாயகி போய் அம்மா வந்தாள், அம்மா போய்ப் பாட்டி வந்தாள். 'மஞ்சள் மஃப்ளர்' (2000) படத்தில் குடிக்கு அடிமையான மகனின் தாய். கொஞ்ச நேரமே வருகிறார்.

இனிதான் என் வழக்கு. 2007-ல் தொரோத்தா கென்ட்ஜெஜாவ்ஸ்கா என்ற பெண் இயக்குநர் 'சாகும் நேரம்' என்று ஒரு கறுப்பு வெள்ளைப் படம் எடுத்தார். ஷஃப்லார்ஸ்காவுக்காகவே எழுதிய பாத்திரம். ஒன்றேமுக்கால் மணி நேரமும் அவர்தான். பழைய மரவீடு, ஒரு நாய், ஜன்னல் வழியே அக்கம்பக்கத்தைப் பார்க்கும் கிழவி அனியேலா. பெற்ற மகன் அவளுக்குத் தெரியாமல் வீட்டை விற்கப் பேசிக்கொண்டிருக்கிறான். படத்தின் தொடக்கத்தில் ஒரு டாக்டரம்மா நிமிர்ந்துகூடப் பார்க்காமல் "உடையைக் கழற்றிவிட்டுப் படுங்கள்" என்கிறார். அனியேலா சொல்லும் பதிலை இங்கே எழுத முடியாது. சொல்லிவிட்டு வெளியே நடந்துவிடுகிறாள். (என்னோடு ஒருவர் துணைக்கு வந்தால், எனக்குச் சர்க்கரை உண்டா என்று அவரிடம்தான் கேட்கிறார்கள். நான் என்ன மேசை நாற்காலியா? நானும் ஒருநாள் அப்படிச் சொல்ல ஆசைப்பட்டதுண்டு.)

பார்க்க வேண்டியது நடிப்பை. எதிரே பேச ஆளில்லை, நாய்தான். அதனிடம் கேலி, குசும்பு, கோபம், மகனின் வேலை தெரிந்த பிறகு ஒரு மௌனம். அனுதாபம் கேட்டு ஒரு பார்வைகூடப் பார்ப்பதில்லை. கிழவி என்றால் இருமிக்கொண்டு ஆசீர்வாதம் செய்பவள் என்று வைத்திருக்கிறார்களே, அந்தப் பழக்கத்தின் மேல் விழுந்த அடி அது. கிதினியா திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது கொடுத்தார்கள். அதைச் செய்தியாக்கியபோதும் முதலில் வயது!

"பாராட்டுவதில் என்ன தப்பு?" என்று கேட்பீர்கள். அது பாராட்டே இல்லை ஐயா. 92-ல் நடித்தது அதிசயம் என்றால், இத்தனை வருடம் இப்படியொரு பாத்திரம் எழுதாதவர்கள் தப்பித்துக்கொள்கிறார்கள். அவரிடம் அந்தத் திறமை 60-லும் இருந்தது, 75-லும் இருந்தது. எழுதத்தான் ஆளில்லை.

வயது உண்மையிலேயே பேசிய இடம் ஒன்று உண்டு. 2009-ல் தொரோத்தா மஸ்வோவ்ஸ்கா எழுதிய நாடகம், இயக்கம் கிஷெகோஷ் யாஷினா. சக்கர நாற்காலியில் இருக்கும் பாட்டி போருக்கு முந்தைய வார்சாவைப் பற்றிப் பேசிக்கொண்டே இருக்கிறாள். பேத்தி அதற்கெல்லாம் மசியவில்லை. கடைசியில்தான் தெரிகிறது, பாட்டி போரின் குண்டுவீச்சிலேயே இறந்துவிட்டாள். மகளும் பேத்தியும் பிறக்கவே இல்லை. அந்த நகரம் எரிந்ததைக் கண்ணால் பார்த்தவர் அந்த நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். அங்கே 94 என்பது கைதட்டலுக்கான எண்ணல்ல, பாத்திரத்தின் எலும்பு.

'சாகும் நேரம்' எங்காவது கிடைத்தால் பாருங்கள். மொழி போலிஷ்தான், கீழே எழுத்து ஓடும், மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொள்ளுங்கள். டாக்டர் காட்சி தொடக்கத்திலேயே வந்துவிடும். காபி எடுக்க எழுந்து போய்விடாதீர்கள்.