கடாரத்துக்கு என்ன நிறம்?

ராஜேந்திர சோழனின் கடற்படையெடுப்பு பற்றி இந்த இதழில் ஒரு கட்டுரை வருகிறது. அதற்கு ஒரு படம் தேவைப்பட்டது. லே-அவுட் செய்யும் நண்பர் ஐந்தே நிமிடத்தில் ஒன்றைத் தேடி எடுத்துவிட்டார். நீங்களும் பார்த்திருப்பீர்கள், கைபேசியில் அடிக்கடி வந்து விழும் படம்தான். தஞ்சாவூரில் தொடங்கும் சிவப்பு கிழக்குக் கரையோரமாகவே ஏறிக் கங்கையைத் தொடுகிறது. தெற்கே ஈழம் முழுக்கச் சிவப்பு. அப்புறம் கடலைத் தாண்டி மலாய்த் தீபகற்பம், சுமத்ரா என்று ஓரிடத்திலும் வெளுக்காமல் போகிறது. "நல்லா எடுப்பா இருக்குண்ணே" என்றார். எடுப்பாகத்தான் இருந்தது. ஆனாலும் வேண்டாம் என்றோம். ஏன் என்று கேட்டார். அன்று டீ ஆறிப்போகும் வரை சொன்னதைத்தான் இங்கே கொஞ்சம் கோவையாக எழுதுகிறோம்.

1025-இல் நடந்த அந்தப் படையெடுப்புக்கு நம்மிடம் உள்ள முதல் சான்று ராஜேந்திரனின் மெய்க்கீர்த்தி. அதில் ஸ்ரீவிசயம் தொடங்கிக் கடாரம் வரை பதின்மூன்று ஊர்ப்பெயர்கள் வருகின்றன. அரசனைப் பிடித்ததும் பொருளைக் கவர்ந்ததும் சொல்லப்படுகின்றன. அவ்வளவுதான். சோழமண்டலத்துக் கோயில் சுவர்களைப் பாருங்கள்: எந்த நிலம், எத்தனை வேலி, எவ்வளவு வரி, எந்த வாய்க்காலுக்குக் கிழக்கு என்று கல்லில் எழுதிக் குவித்திருக்கிறார்கள். கடாரத்தில் சோழ அதிகாரி ஒருவர் நிலம் அளந்தார், வரி தண்டினார் என்று சொல்லும் கல்வெட்டு ஒன்றுகூட இல்லை. போய் அடித்தது உண்மை. இருந்து ஆண்டதற்குச் சான்று இல்லை. இரண்டுக்கும் ஒரே சிவப்பைப் பூசினால் எப்படி?

இன்னொன்றும் கேட்டோம். படையெடுப்புக்கு இருபது ஆண்டுகள் முன்னால், ராஜராஜன் காலத்தில், ஸ்ரீவிசய அரசன் நாகப்பட்டினத்தில் சூடாமணி விகாரத்தை எழுப்பினான். அதற்கு ஆனைமங்கலம் என்ற ஊரைச் சோழ அரசு விட்டுக்கொடுத்தது. லெய்டனில் இருக்கும் பெரிய செப்பேடு இதைச் சொல்கிறது. அப்படியானால் நாகப்பட்டினத்தில் ஸ்ரீவிசயத்தின் நிறத்தைக் கொஞ்சம் தொட்டு வைக்கலாமா? நண்பர் சிரித்துவிட்டார். சுமத்ராவின் மேற்குக் கரையில் பாரூஸ் அருகே 1088-இல் ஐந்நூற்றுவர் வணிகக் குழு வெட்டிய தமிழ்க் கல்வெட்டு கிடைத்திருக்கிறது. 1281-ஆம் ஆண்டுத் தமிழ்க் கல்வெட்டு ஒன்று சீனத்தின் சுவான்சௌ துறைமுகத்தில் கிடைத்தது. எந்த அரசனின் சாயமும் எட்டாத இடங்களுக்கு வியாபாரி போய்ச் சேர்ந்திருக்கிறான். அந்தச் சிவப்புப் படத்தில் அவனுக்கு இடம் கிடையாது.

நிறமும் எல்லைக்கோடும் நமக்குப் பள்ளிக்கூட அட்லஸ் கற்றுக்கொடுத்த பழக்கம். பழைய உலகத்துக்கென்றே தனிப்படங்கள் போடும் வேலையை ஆபிரகாம் ஓர்ட்டேலியஸ் 1579-இல் தன் பெரிய அட்லஸுக்குப் பின்னிணைப்பாகத் தொடங்கினார். பிறகு ஐரோப்பாவில் நாட்டுக்கு நாடு சர்வே செய்து எல்லைக்கல் நட்டார்கள். நட்ட கையோடு அந்தக் கல்லைப் பழங்காலத்துக்குள்ளும் கொண்டுபோய் ஊன்றிவிட்டார்கள். அவர்கள் ஊருக்கே அது ஒத்துவரவில்லை. 1259 பாரிஸ் உடன்படிக்கைக்குப் பிறகு இங்கிலாந்து அரசன் மூன்றாம் ஹென்றி, கஸ்கனிக்கு மட்டும் பிரெஞ்சு அரசனுக்குக் கட்டுப்பட்ட பிரபு. தன் நாட்டில் மன்னன், அங்கே இன்னொருவனுக்கு மண்டியிட்டவன். கஸ்கனிக்கு எந்த நிறம் பூசுவது? அட்லஸ்காரர்கள் அதில் கோடு கோடாக இழுத்துச் சமாளிக்கிறார்கள்.

அசோகர் படம் இன்னும் மோசம். தமிழகம் நீங்கலாக மொத்தத் துணைக்கண்டமும் ஒரே வண்ணம். ஆனால் சாசனங்கள் கிடைத்த இடங்களை மட்டும் குறித்துப் பாருங்கள். கந்தகாரில் ஒன்று, கிர்நாரில் ஒன்று, தௌலியில் ஒன்று, தெற்கே மஸ்கி, பிரம்மகிரி என்று கர்நாடகத்தில் ஒரு கொத்து. நடுவில் பெரிய பெரிய வெற்றிடம். அந்தக் காடுகளில் இருந்தவர்களுக்குப் பாடலிபுத்திரத்தில் ஓர் அரசன் இருப்பது தெரிந்திருக்குமா என்பதே சந்தேகம். தொல்லியலாளர் மோனிகா ஸ்மித் 2005-இல் இதையே ஒரு கட்டுரையாக எழுதினார். மௌரியர், சாசானியர், இன்கா அரசுகளை எடுத்துக்கொண்டு, பழைய அரசைப் பரப்பாகப் பார்க்காமல் ஊர்களும் அவற்றைக் கோக்கும் வழிகளுமாகப் பார்க்கலாம் என்றார். வலையில் முடிச்சும் கயிறும்தான் மீனவன் கையில் இருக்கும். இடையில் இருப்பது ஓட்டை. நாம் ஓட்டைக்கும் சேர்த்துச் சாயம் அடித்துக்கொண்டிருக்கிறோம்.

ரோமானியர்கள் தம் உலகத்தை முடிச்சும் கயிறுமாகத்தான் பார்த்தார்கள் போலிருக்கிறது. வியன்னாவில் உள்ள பாய்ட்டிங்கர் படம் 1200-ஐ ஒட்டிப் படியெடுத்தது, மூலம் ரோமானியர் காலத்தது. உயரம் ஒரு முழத்துக்கும் குறைவு, நீளமோ ஏழு மீட்டரைத் தொடுகிறது. சுருளாக இருந்த காலத்தில் அக்குளில் வைத்துக்கொண்டிருக்கலாம். மத்தியதரைக் கடல் அதில் வாய்க்கால் மாதிரி நசுங்கிக் கிடக்கிறது. கடல் எப்படிப் போனால் என்ன? சிவப்புக் கோடாகச் சாலை ஓடுகிறது, தங்குமிடத்துக்குத் தங்குமிடம் ஒரு மடிப்பு, பக்கத்தில் தொலைவு. எல்லைக்கோடு என்று பேருக்கும் இல்லை. வலப்பக்கக் கோடியில், படம் முடியப்போகிற இடத்தில், முசிறி. அருகில் ஓர் ஏரி, அகஸ்டஸ் கோயில் என்று எழுதிய சிறு கட்டடம். ரோமில் இருந்தவனுக்குச் சேரநாடு எவ்வளவு பரப்பு என்று தெரியாது. மிளகு ஏற்றும் துறையின் பெயர் தெரியும்.

வரலாற்று அட்லஸே வேண்டாம் என்பதல்ல நம் வாதம். காலின் மெக்கெவெடி 1961-இல் பெங்குவினுக்குச் செய்த மத்தியகால அட்லஸ் இன்றும் நம் அலமாரியில் கைபட்டுக் கைபட்டு முதுகு கிழிந்து கிடக்கிறது. மனிதர் தொழிலால் மனநல மருத்துவர். ஒரே சட்டத்தை ஆண்டு மாற்றி ஆண்டு மாற்றிப் போடுவார். விரலால் பக்கத்தை விசிறினால் ராஜ்யங்கள் சினிமா மாதிரி வீங்கி வற்றும். தமிழகம் அந்தச் சட்டத்துக்குள் வராது, அது வேறு மனக்குறை. நமக்கென்று பார்த்தால் 1978-இல் ஜோசப் ஷ்வார்ட்ஸ்பெர்க் சிகாகோவிலிருந்து கொண்டுவந்த தெற்காசிய வரலாற்று அட்லஸ் இருக்கிறது. மடியில் வைத்துப் படிக்க முடியாது, மேசை வேண்டும்.

நேர்மைக்கு அளவுகோல் என்றால் 2000-இல் ரிச்சர்ட் டால்பர்ட் தலைமையில் வந்த பாரிங்டன் அட்லஸைச் சொல்லுவோம். கிரேக்க, ரோமானிய உலகத்துக்கு 102 படங்கள். மாகாண எல்லைகளைக் கடைசியில் தனியாக ஒதுக்கிவிட்டார்கள். மற்றபடி மலை, ஆறு, சாலை, ஊர். ஊர் இருந்த இடம் ஐயமானால் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி. பெயர் மட்டும் கிடைத்து இடம் கிடைக்காதவற்றுக்குத் துணைநூலில் தனிப் பட்டியல். கரையைக்கூட அன்றைய கரையாக வரைய முயன்றிருக்கிறார்கள். கி.மு. 494-இல் லாதே தீவருகே பாரசீகரும் அயோனியரும் கடற்போர் செய்தார்கள். மியாண்டர் ஆறு கொட்டிய வண்டலில் அந்தத் தீவு இன்று வயல்வெளிக்கு நடுவே ஒரு குன்று. இன்றைய படத்தில் புள்ளி வைத்தால் கப்பல்கள் வயலில் மோதிக்கொள்ளும். நம் கொற்கைக்கும் அதே கதைதான். தாமிரபரணி வண்டல் தள்ளித் தள்ளி, முத்துக் குளித்த துறைக்கும் கடலுக்கும் நடுவில் சில கிலோமீட்டர் நிலம் விழுந்துவிட்டது.

இந்த வேலையை நம் மண்ணில் செய்தவர் எ. சுப்பராயலு. 1973-இல் வந்த சோழநாட்டு அரசியல் நிலவியல் நூலில், கல்வெட்டில் வரும் ஊர்ப்பெயர்களை ஒவ்வொன்றாக இன்றைய ஊர்களோடு பொருத்தி, அன்று 'நாடு' எனப்பட்ட சிறு நிலப்பிரிவு ஒவ்வொன்றுக்கும் எல்லை கண்டார். ஊர் முதலில், கோடு பிறகு. வரைந்து பார்த்தால் ஆறும் வாய்க்காலும் ஓடுகிற டெல்டாவில் நாடுகள் சின்னச் சின்னதாக நெருங்கி நிற்கின்றன, வறண்ட பக்கம் போகப் போகப் பெருத்துக்கொண்டே போகின்றன. நீர் எங்கே, உழவன் எங்கே, ஊர் எங்கே என்பதைப் படமே சொல்லிவிடுகிறது. சிவப்புச் சாயத்திடம் இப்படி ஒரு கேள்வியைக் கேட்டுப் பாருங்கள், வாய் திறக்காது.

ஆக, 27-ஆம் பக்கத்தில் வண்ணமில்லாத ஒரு படம் போட்டிருக்கிறோம். நாகப்பட்டினம், மாநக்கவாரம் என்று மெய்க்கீர்த்தி சொல்லும் நிக்கோபார், கடாரம் இருந்த கெடா, ஸ்ரீவிசயத்துப் பலெம்பாங். பிற ஊர்களில் சிலவற்றுக்குக் கேள்விக்குறியோடு புள்ளி. "ரொம்ப வெறிச்சுனு இருக்கேண்ணே, கடலுக்காவது லேசா நீலம் குடுக்கட்டுமா?" என்று நண்பர் கேட்டார். கடலுக்குக் கொடுத்துக்கொள்ளச் சொன்னோம். மேவிலிம்பங்கம், வளைப்பந்தூறு இரண்டுக்கும் எங்கே புள்ளி வைப்பது என்பதில் அறிஞர்களுக்குள் இன்னும் ஒத்த முடிவில்லை. அந்த இரண்டு பெயர்களையும் படத்தின் ஓரத்தில் தனியே அச்சிட்டிருக்கிறோம்.