சப்ஸ்ட்ரேட்னா என்ன பாஸ்?



ஓசூர்ல இருந்து பஸ் ஏறி அரை மணி நேரத்துல அத்திப்பள்ளி. பார்டர் தாண்டியாச்சு. அங்க ஒரு மெஸ்ல நம்ம பையன் ஒருத்தன் சாப்பிட உட்கார்ந்தான். சாதம் போட வந்தவர் கரண்டியைக் கையில வெச்சுக்கிட்டு, "சாக்கா?"ன்னு கேட்டார். பையன் முழிச்சுட்டு, "சாக்கு இல்லண்ணே, பேக்தான் கொண்டாந்தேன்"னான். மெஸ்ஸே சிரிச்சுடுச்சு. கன்னடத்துல 'சாக்கு'ன்னா 'போதும்'னு அர்த்தம். நமக்கு அது கோணி மூட்டை. இல்லேன்னா, லேட்டா வந்ததுக்குச் சொல்ற காரணம்!

சத்தம் ஒண்ணுதான். செக்போஸ்ட் தாண்டினா அர்த்தம் வேற. இதே மாதிரி டிபார்ட்மென்ட் தாண்டினா அர்த்தம் மாறுற ஒரு வார்த்தைதான் இந்த வாரம் நம்மகிட்ட மாட்டியிருக்கு. 'சப்ஸ்ட்ரேட்'.

மாட்டினது நாம இல்லீங்க, நமக்குத் தெரிஞ்ச ஒரு தம்பி. பி.எஸ்ஸி. பயோகெமிஸ்ட்ரி, நல்ல மார்க். ஓசூர் பக்கம் ஒரு கம்பெனியில பெயின்ட் ஷாப் குவாலிட்டி வேலைக்கு இன்டர்வியூ. "கோட்டிங் உரிஞ்சு வருதுன்னா முதல்ல சப்ஸ்ட்ரேட்டைப் பார்க்கணும். இங்க சப்ஸ்ட்ரேட் எது?"ன்னு கேட்டிருக்காங்க. தம்பி கண்ணை மூடிக்கிட்டு, "என்சைம் எதன் மேல வேலை செய்யுதோ அது சார். உதாரணம், ஸ்டார்ச்!" புத்தகப்படி நூத்துக்கு நூறு. ஆனா அந்த ரூம்ல ஜீரோ. ஸ்கூட்டருக்கு யாராச்சும் கஞ்சி போடுவாங்களா என்ன?

தம்பி ரெண்டு நாள் சாப்பிடலை. தப்பு அவன்மேல மட்டும் இல்லை. இந்த வார்த்தைக்கு நாலு வீடு இருக்குன்னு யாரும் அவனுக்குச் சொல்லலை. வாங்க, நாலு வீட்டையும் ஒரு ரவுண்டு அடிச்சுட்டு வருவோம்.

முதல்ல ஊர் பேர். இது லத்தீன் சொல். 'சப்'னா கீழே. அடுத்த பாதிக்கு 'விரிச்சது'ன்னு அர்த்தம். ஆக, கீழே விரிக்கப்பட்டது. பாய் மாதிரி! நம்ம தமிழ்ப் பாடப் புத்தகத்துல 'தளப்பொருள்'னு படிச்சிருப்பீங்க. தளம், அதாவது அடித்தளம். இந்த ஒரு படத்தை மனசுல வெச்சுக்கிட்டா போதும், மீதி எல்லாம் தானா வரும்.

வீடு 1: என்சைம் வீடு

தம்பி சொன்னது இதுதான். ஒரு என்சைம் எந்த மூலக்கூறைப் பிடிச்சு மாத்துதோ, அது அந்த என்சைமோட சப்ஸ்ட்ரேட். எச்சில்ல இருக்கற அமைலேஸுக்கு ஸ்டார்ச் சப்ஸ்ட்ரேட். சோத்தை ரொம்ப நேரம் மென்னா லேசா இனிக்குதே, அது இந்த வேலைதான். நம்ம கிருஷ்ணகிரிப் பக்கம் ராகிக் களியை மெல்லாம உருட்டி அப்படியே முழுங்குறவங்க நிறைய. பாவம், வாயில இருக்கற அமைலேஸுக்கு அன்னிக்கு லீவு! ராகியை முளைகட்டி மாவாக்கினா மட்டும் கதை வேற. முளைக்கும்போதே தானியத்துக்குள்ள அமைலேஸ் உருவாகி, ஸ்டார்ச்சை உடைக்க ஆரம்பிச்சுடும். அதனாலதான் முளைகட்டின ராகிக் கஞ்சி நீர்க்க இருக்கும், கொஞ்சம் இனிக்கும்.

1833-ல பிரான்ஸ்ல பேயன், பெர்சோன்னு ரெண்டு பேர் முளைகட்டின பார்லியில இருந்து பிரிச்சு எடுத்தது இதே ஜாதிதான். 'டயஸ்டேஸ்'னு பேர் வெச்சாங்க. அந்த 'ஏஸ்' அப்படியே வாலா ஒட்டிக்கிச்சு. சப்ஸ்ட்ரேட் பேரோட அந்த வாலைச் சேர்த்தா பல என்சைம்களுக்குப் பேர் ரெடி. லாக்டோஸ் - லாக்டேஸ். யூரியா - யூரியேஸ். பெக்டின் - பெக்டினேஸ். கிருஷ்ணகிரி மாங்காய் பழுக்கும்போது இளகுதே, அதுல இந்தக் கடைசி ஆளுக்கும் பங்கு உண்டு.

பூட்டும் சாவியும் கதை ஞாபகம் இருக்கா? 1894-ல எமில் ஃபிஷர் சொன்னது. என்சைம் பூட்டு, சப்ஸ்ட்ரேட் சாவி. 1958-ல கோஷ்லேண்ட், "அவ்வளவு விறைப்பா இல்லப்பா, சப்ஸ்ட்ரேட் வந்ததும் என்சைமும் கொஞ்சம் வளைஞ்சு கொடுக்கும்"னார். கை நுழைஞ்சதும் க்ளவுஸ் வடிவம் மாறுதே, அந்த மாதிரி. நடுவுல 1913-ல மைக்கேலிஸ், மென்டன் ரெண்டு பேரும் கணக்குப் போட்டாங்க. சப்ஸ்ட்ரேட் கூடக்கூட வேகம் கூடும். ஒரு கட்டத்துக்கு மேல கூடாது. காலையில ஷிஃப்ட் பஸ் மாதிரிதான். சீட் நிரம்பிட்டா, ஸ்டாண்டுல எத்தனை பேர் நின்னாலும் பஸ் அதே அளவு ஆளைத்தான் தூக்கும்.

வீடு 2: ஆர்கானிக் கெமிஸ்ட்ரி வீடு

இங்க என்சைம் கட்டாயம் இல்லை. ரெண்டு பொருள் வினைபுரியுது. நாம எதை மாத்தணும்னு குறி வெச்சிருக்கோமோ அது சப்ஸ்ட்ரேட். அதை மாத்த ஊத்துறது ரீஏஜென்ட். பரீட்சையில நிறைய பேர் வழுக்குற இடம் இது. ரெண்டுமே வினைபடு பொருள்தான். ஆனா ரெண்டையும் சப்ஸ்ட்ரேட்னு கூப்பிட மாட்டோம். கல்யாணத்துக்கு வந்த எல்லாரும் சொந்தக்காரங்கதான், மாப்பிள்ளை ஒருத்தர்தானே!

வீடு 3: ஃபேக்டரி வீடு

நம்ம தம்பி தடுக்கி விழுந்த வீடு. 1980-ல டி.வி.எஸ். 50 மொபெட் ஓசூர்ல இருந்து வெளிய வந்துச்சு. 1984-ல தொடங்கின டைட்டன், ஓசூரை வாட்ச் ஊராக்குச்சு. இப்போ கிருஷ்ணகிரி மாவட்டத்துல போச்சம்பள்ளி வரைக்கும் எலெக்ட்ரிக் ஸ்கூட்டர் வந்தாச்சு. வண்டியோ வாட்சோ, பெயின்ட்டோ முலாமோ எதன் மேல ஏறுதோ அந்த உலோகமோ பிளாஸ்டிக்கோதான் இங்க சப்ஸ்ட்ரேட். மொபைலுக்குள்ள இருக்கற சர்க்யூட் போர்டுல, செம்புக் கோடுகளைத் தாங்குற பலகையும் சப்ஸ்ட்ரேட்தான்.

தகடுல எண்ணெய்ப் பிசுக்கோ துருவோ இருந்தா மேல எவ்வளவு காஸ்ட்லி பெயின்ட் அடிச்சாலும் நிக்காது, உரியும். "முதல்ல சப்ஸ்ட்ரேட்டைப் பார்க்கணும்"னு அவங்க சொன்னது இதைத்தான்.

வித்தியாசம் பிடிபட்டுச்சா? என்சைம் வீட்டுல சப்ஸ்ட்ரேட் மாறியே ஆகணும். மாறலைன்னா வேலை நடக்கலைன்னு அர்த்தம். ஃபேக்டரி வீட்டுல சப்ஸ்ட்ரேட் ஸ்டெடியா நின்னு தாங்கணும். அது அரிச்சு மாற ஆரம்பிச்சா வேலை கெட்டுச்சுன்னு அர்த்தம். ஒரே பேர், நேர் எதிர் குணம்!

வீடு 4: தோட்ட வீடு

பிப்ரவரியில காதலர் தினம்னா ஓசூர் ரோஜாவுக்குக் கிராக்கி. பாலிஹவுஸ்ல மண்ணே இல்லாம, தென்னை நார்க் கழிவுல செடி வளர்க்குற முறை ஒண்ணு இருக்கு. அந்த நார்க் கழிவு சப்ஸ்ட்ரேட். வேரைப் பிடிச்சு நிறுத்தும், தண்ணியைத் தேக்கும். சத்து தனியா தண்ணியில கலந்து போகும். காளான் வளர்க்குற வைக்கோலும் சப்ஸ்ட்ரேட்தான். ஆனா காளான் அதுமேல உட்கார்ந்துக்கிட்டே, என்சைமை விட்டு அதையே கரைச்சுச் சாப்பிடும். தாங்குறதும் அதுதான், மாறுறதும் அதுதான். முதல் வீட்டுக்கும் மூணாவது வீட்டுக்கும் நடுவுல கதவு போட்ட மாதிரி!

இவ்வளவு நேரம் ஜாலியா வந்தோம். இனி கொஞ்சம் சீரியஸா.

2008 மே மாசம். பெங்களூரு, கோலார், நம்ம கிருஷ்ணகிரி... பார்டருக்கு ரெண்டு பக்கமும் விஷச் சாராயம் குடிச்சு நூத்துக்கும் மேற்பட்டவங்க செத்துப் போனாங்க. பெரும்பாலும் அன்னாடங்காய்ச்சிகள். 2024 ஜூன்ல கள்ளக்குறிச்சியில அறுபதுக்கும் மேற்பட்டவங்க. ரெண்டு இடத்துலயும் வில்லன் மெத்தனால். ஆலைகள்ல கரைப்பானா ஓடுற சரக்கு. பார்க்கத் தண்ணி மாதிரி, வாசனை சாராயம் மாதிரி. குடிக்கிறவனுக்கு வித்தியாசம் தெரியாது.

இப்போ முதல் வீட்டுக்கு வாங்க. நம்ம கல்லீரல்ல 'ஆல்கஹால் டிஹைட்ரஜனேஸ்'னு ஒரு என்சைம். சாதாரண மதுவுல இருக்கற எத்தனால் அதோட சப்ஸ்ட்ரேட். மெத்தனாலும் சப்ஸ்ட்ரேட்தான். பிரச்னையே அங்கதான். என்சைம் நல்ல பிள்ளையா தன் வேலையைச் செய்யும். மெத்தனாலை ஃபார்மால்டிஹைடா மாத்தும். அடுத்த என்சைம் அதை ஃபார்மிக் அமிலமா மாத்தும். எறும்பு கடிச்சா எரியுதே, அந்த அமிலம்! அது செல்லுக்குள்ள ஆக்சிஜனைப் பயன்படுத்துற வேலையை முடக்கும். கண் நரம்பு முதல்ல அடிவாங்கும். பார்வை போகும், அப்புறம் உயிர். குடிச்ச மெத்தனாலை விட, நம்ம உடம்பே அதை மாத்தி உண்டாக்குறதுதான் பெரிய விஷம்.

அப்போ வைத்தியம் என்ன? சப்ஸ்ட்ரேட்டை சீட்டுல உட்கார விடாம பண்றது! இந்த என்சைமுக்கு மெத்தனாலை விட எத்தனால் மேலதான் பிடிப்பு அதிகம். அதனால மருத்துவமனையில அளவு பார்த்து, ரத்தத்தைச் சோதிச்சுக்கிட்டே எத்தனால் ஏத்துறது ஒரு முறை. சீட்டெல்லாம் எத்தனால் பிடிச்சுக்கும். மெத்தனால் மாறாம நிக்கும்போது டயாலிசிஸ் மூலமா அதை வெளியேத்துவாங்க. இன்னொண்ணு, ஃபோமெபிசோல்னு ஒரு மருந்து. இது என்சைம்ல போய் உட்காரும், ஆனா சப்ஸ்ட்ரேட் மாதிரி மாறாது. பஸ் ஜன்னல் வழியா துண்டு போட்டு இடம் பிடிக்கிறோமே, அந்தத் துண்டு! அதனால அதுக்குப் பேர் சப்ஸ்ட்ரேட் இல்லை, இன்ஹிபிட்டர். வைவாவுல ரெண்டுக்கும் வித்தியாசம் கேட்டா இந்தத் துண்டை ஞாபகம் வெச்சுக்கங்க.

ஒரு எச்சரிக்கை. இதைப் படிச்சுட்டு, "மெத்தனாலுக்கு மருந்து பிராந்தி"ன்னு யாராவது கிளம்பினா கையைப் பிடிச்சு நிறுத்துங்க. வீட்டுல செய்ற வைத்தியம் இல்லை இது. அறிகுறி வர பல மணி நேரம் ஆகலாம், ஒரு நாள்கூட ஆகலாம். "நேத்துதானே குடிச்சான், இப்போ நல்லாத்தானே இருக்கான்"னு விட்டுடாதீங்க. வாந்தி, வயித்து வலி, கண் மங்கல், மூச்சு வாங்குறது... எது இருந்தாலும் நேரா 108. போலீஸ் கேஸ் ஆகுமோன்னு பயந்து ஒளிச்சு வெச்சா போறது கண்ணு.

சரி, இன்டர்வியூவுக்குத் திரும்புவோம். 'சப்ஸ்ட்ரேட்'னு யாராவது சொன்னா, பதில் சொல்றதுக்கு முன்னாடி மனசுக்குள்ள ரெண்டு கேள்வி போடுங்க. 'எதுக்கு சப்ஸ்ட்ரேட்?' - என்சைமுக்கா, ரீஏஜென்ட்டுக்கா, பெயின்ட்டுக்கா, வேருக்கா? 'மாறணுமா, தாங்கணுமா?' இந்த ரெண்டுக்கும் விடை தெரிஞ்சா எந்த வீட்டுல நிக்கிறோம்னு தெரிஞ்சுடும். அப்பவும் தெரியலைன்னா, "சார், கோட்டிங்ல நீங்க சொல்ற அடிப்பொருளா, பயோகெமிஸ்ட்ரியில வர்றதா?"ன்னு கேட்டுடுங்க. கேட்டா மார்க் குறையாது பாஸ். ரெண்டு அர்த்தமும் தெரிஞ்ச ஆள்னு அவங்களுக்கே புரியும்.

நம்ம தம்பி அடுத்த இன்டர்வியூவுல அப்படித்தான் கேட்டானாம். எதிர்ல இருந்தவர் சிரிச்சுட்டு, "ரெண்டும் சொல்லுப்பா"ன்னாராம். வேலை இப்போ வேற ஒரு கம்பெனி லேப்ல. டெய்லி அத்திப்பள்ளி தாண்டிப் போயிட்டு வர்றான். மெஸ்ல "சாக்கா?"ன்னு கேட்டா, "இன்னும் கொஞ்சம் போடுங்கண்ணா"ங்கிறான்.

நமக்கு இந்த வாரத்துக்கு சாக்கு. அடுத்த வாரம் வேற ஒரு வார்த்தையோட சந்திப்போம். டாட்டா!