கொச்சின் ஹனீபா: இரு மொழிகள் பங்கிட்டுக்கொண்ட கலைஞர்

திரைப்பட வரலாற்றை மாநில வாரியாக எழுதும் வழக்கத்தால் பெரிதும் இழப்புக்குள்ளாகிறவர்கள் குணச்சித்திர நடிகர்கள். எல்லை கடந்து நடித்த நாயகர்களுக்கு ஒவ்வொரு மொழியிலும் ஓர் அத்தியாயம் கிடைத்துவிடுகிறது. குணச்சித்திர நடிகருக்கோ எல்லா மொழியிலும் அடிக்குறிப்பே மிஞ்சுகிறது. இதற்குக் கொச்சின் ஹனீபாவின் வாழ்வு தெளிவான சான்று.

1951ஆம் ஆண்டு கொச்சியில் பிறந்த ஹனீபா, பலகுரல் கலையில் தேர்ச்சி பெற்று, 1970களில் மலையாளத் திரையுலகில் நுழைந்தார். நெடுங்காலம் வில்லன் வேடங்களே வந்தன. ஆனால் அதே காலத்தில் அவர் கதை எழுதினார், படம் இயக்கினார். 1986இல் மலையாளத்தில் தாம் இயக்கிய ‘மூன்னு மாசங்ஙள்க்கு முன்பு’ படத்தை 1988இல் ‘பாசப் பறவைகள்’ எனத் தமிழில் தாமே இயக்கினார். அதற்குத் திரைக்கதை வசனம் எழுதியவர் மு. கருணாநிதி, இசை இளையராஜா. சிவகுமாரும் லட்சுமியும் ராதிகாவும் நடித்த அப்படத்தை நினைவுகூர்வோரில் எத்தனை பேர் இயக்குநர் வி. எம். சி. ஹனீபாவையும் கொச்சின் ஹனீபாவையும் ஒருவராக அறிவர்?

இந்தப் பிளவின் ஆழத்தை 1993க்கும் 1994க்கும் இடைப்பட்ட சில மாதங்கள் காட்டுகின்றன. 1993இல் லோகிததாஸ் எழுத, ஹனீபா இயக்கிய மலையாளப் படம் ‘வாத்சல்யம்’. உடன்பிறந்தோருக்காக மண்ணில் உழைத்துத் தேய்ந்து, இறுதியில் சொந்த வீட்டிலேயே அந்நியனாகும் ராகவன் நாயரின் கதை அது. மம்மூட்டியின் சிறந்த வேடங்களுள் ஒன்று. அடுத்த பொங்கலுக்கு வெளிவந்தது ‘மகாநதி’. அதில், கும்பகோணத்துக்கு அருகே நிம்மதியாக வாழும் கிருஷ்ணசாமியைச் சீட்டு நிறுவன ஆசை காட்டிச் சென்னைக்கு இழுத்துச் சீரழிப்பவர் ஹனீபா. நல்ல குடும்பத் தலைவன் ஒருவனின் துயரத்தை ஒரு மொழியில் உருவாக்கியவர், மற்றொரு மொழியில் அத்தகைய ஒருவனின் வாழ்வைக் குலைப்பவராக வருகிறார். மலையாள விமர்சகர் முதலாவதை எழுதுகிறார். தமிழ் விமர்சகர் இரண்டாவதை எழுதுகிறார். இரண்டையும் அருகருகே வைத்தால்தான் அந்தக் கலைஞரின் வீச்சு புலப்படும்.

பிற்காலத்தில் மலையாளம் அவரை நகைச்சுவை நடிகராகக் கொண்டாடியது. ‘கிரீடம்’ (1989) படத்தின் ஐத்ரோஸில், வீறாப்புக்குள் கோழைத்தனம் ஒளிந்த ரவுடியில், அதன் விதை இருந்தது. ‘பஞ்சாபி ஹவுஸ்’ (1998) அதை வளர்த்தெடுத்தது. ‘சூத்ரதாரன்’ படத்துக்காக 2001ஆம் ஆண்டின் கேரள அரசு விருதும் வந்தது. தமிழ்நாட்டிலோ ‘முதல்வன்’, ‘சிவாஜி’ போன்ற படங்களின் துணை வேடங்களாக அவர் சுருக்கப்பட்டார். 2010 பிப்ரவரி 2 அன்று சென்னையில் காலமானார். எர்ணாகுளத்தில் நல்லடக்கம் செய்யப்பட்டார். அவர் நடித்த ‘எந்திரன்’ அதன் பிறகே திரைக்கு வந்தது.

அவர் பெயரோடு ஒட்டிக்கொண்ட ஊர் இங்கே கவனத்துக்குரியது. பழைய கொச்சியின் வணிக மையமான மட்டாஞ்சேரியில் கொங்கணியும் குஜராத்தியும் கச்சியும் மலையாளத்தோடு அன்றாடம் புழங்கின. பக்கத்துக் கோட்டைக் கொச்சியின் தோபி கானாவில் தமிழ் வண்ணார்கள் தலைமுறைகளாக வாழ்கின்றனர். அந்த நகரத்தின் வரலாற்றை ஒற்றை மொழியில் எழுத எவரும் துணியமாட்டார். அந்நகரின் பெயரைச் சுமந்த நடிகருக்கும் அதே நியாயம் பொருந்தும்.

தென்னிந்தியத் திரைப்பட ஆய்வுகள் மொழிவாரிப் பட்டியல்களைக் கடந்து, ஒரு கலைஞரின் முழு வாழ்வையே ஆய்வின் அலகாகக் கொள்ள வேண்டும். ஹனீபாவைப் போல் சென்னைக்கும் கொச்சிக்கும் இடையே தொடர்வண்டியில் வாழ்நாளைக் கழித்தவர்கள் பலர். அவர்களோடு பணியாற்றியோர் இருக்கும்போதே அந்த நினைவுகளைப் பதிவு செய்யாவிட்டால், இரு மொழிகளும் பாதிப் பாதியாக மறந்து, முழுமையாக இழந்துவிடும்.